நடுவரைத் தாமதப்படுத்தும் வழி

கால்பந்துச் சங்கத்து அலுவலகத்தில் அவரை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. அலாரம் என்றுதான் கூப்பிடுவார்கள். அப்படிக் கூப்பிட்டால் அவருக்கும் உள்ளூரப் பெருமைதான். சங்கத்துக்கு வாடகைக் கார் ஓட்டுபவர்களில் மூத்தவர் அவர். ஆட்ட நாளில் அவருடைய வண்டியில் யார் ஏறினாலும் சரி, சொன்ன நேரத்துக்குச் சொன்ன வாசலில் இறங்கிவிடுவார்கள். மழை, மறியல், மந்திரி வருகை என்று மற்ற ஓட்டுநர்கள் அவிழ்த்துவிடும் கதை எதுவும் அவர் வாயிலிருந்து வந்ததே இல்லை.

இதை ஏதோ வரம் வாங்கி வந்த வித்தை என்று நினைத்துவிடக் கூடாது. முழுக்க முழுக்கக் கால்வலிதான். ஆட்டத்துக்கு முதல் நாள் காரை வீட்டிலேயே போட்டுவிட்டு, ஸ்டேடியத்தைச் சுற்றியுள்ள தெருக்களில் நடப்பார். போலீஸ்காரர்கள் இரும்புத் தடுப்புகளை எங்கே அடுக்கி வைத்திருக்கிறார்கள், எந்தச் சந்தில் பள்ளம் தோண்டிப் போட்டிருக்கிறார்கள், கொடி விற்பவர்கள் எந்த முனையில் கடை விரிப்பார்கள், எல்லாவற்றையும் பார்ப்பார். போக்குவரத்துக் காவலருக்கு ஒரு டீ வாங்கிக் கொடுத்து, எந்த ரோட்டை எப்போது மூடுவார்கள் என்று பேச்சோடு பேச்சாகக் கேட்டுக்கொள்வார். கூட்டம் பழகின வழியை விட்டு வேறு வழியில் போகாது என்பது அவருடைய முடிந்த முடிவு. அந்த வழி எதுவென்று தெரிந்துகொண்டு அதைத் தொடாமல் போவதுதான் அவருடைய தொழில்.

இத்தனை ஒழுங்கான மனிதருக்குள் ஒரு பகை இருந்தது. சாதாரணப் பகை இல்லை. சோறு தண்ணி கொடுத்து வளர்த்த பகை.

அவருடைய தம்பி ஒரு காலத்தில் வெளியூர் அணி ஒன்றில் முன்கள ஆட்டக்காரனாக இருந்தான். நல்ல ஓட்டக்காரன். தேசிய அணிக்கு எடுக்கப்போகிறார்கள் என்ற பேச்சும் இருந்தது. அந்த அணி இந்த ஊர் ஸ்டேடியத்துக்கு அரையிறுதி ஆட வந்தபோது, நடுவரை அழைத்துவரும் வேலை அலாரத்துக்கு அமைந்தது. ஆட்டக்காரனின் அண்ணனே நடுவருக்கு வண்டி ஓட்டுகிறான் என்பதை யாரும் கவனிக்கவில்லை. அப்போது அவர் வேலைக்குப் புதிது. அவரும் வாயைத் திறக்கவில்லை.

அன்றைக்கு ஆட்டம் முடியப்போகும் நேரத்தில், கோலுக்கு எதிரே பெனால்டி எல்லைக்குள் தம்பியை எதிரணிக்காரன் ஒருவன் முழங்காலோடு சேர்த்து வெட்டிச் சாய்த்தான். பந்து எங்கோ இருந்தது, அவன் கால் எங்கோ போனது. வேலிக்கு வெளியே நின்ற அலாரத்துக்கே தெளிவாகத் தெரிந்தது. ஆனால் நடுவர் ஊதவில்லை. ஆட்டம் மறுபக்கம் ஓடியது, உள்ளூர் அணி கோல் போட்டு ஜெயித்தது, தம்பி புல்லில் கிடந்தான். அதற்குப் பிறகு அவன் பந்தைத் தொடவில்லை. இன்று பேருந்து நிலையத்துக்குப் பக்கத்தில் பூட்டு சாவிக் கடை வைத்திருக்கிறான். படி ஏறும்போது கைப்பிடியைப் பிடிக்காமல் ஏற முடியாது.

தம்பியை ஆம்புலன்சில் ஏற்றும்போது கூடவே ஓட அலாரத்தால் முடியவில்லை. டியூட்டி. நடுவரை ஹோட்டலில் கொண்டுபோய் விட வேண்டும். ஆட்டம் முடிந்து நடுவர் காருக்கு நடந்து வந்தபோது, உள்ளூர் ரசிகர்கள் அவர் முதுகில் தட்டிக் கொடுத்து வழிவிட்டார்கள். அதைப் பார்த்த கணத்திலேயே அலாரம் தீர்ப்பு எழுதிவிட்டார்: ஆள் விலைபோய்விட்டான். காரில் ஏறிய மனிதர் கண்ணை மூடிக்கொண்டு, "ஏசியைக் கொஞ்சம் கூட்டுங்க டிரைவர்" என்றார். கூட்டினார். பல்லைக் கடித்துக்கொண்டு கூட்டினார்.

ஆஸ்பத்திரிக்கு அவர் போய்ச் சேர்ந்தபோது தம்பி முதலில் கேட்டது காலைப் பற்றி இல்லை.

"ஊதினானாண்ணே?"

"இல்லடா."

"பார்த்தானா?"

"பார்க்காம எங்க போவான்? விலைபோயிட்டான்டா அவன்."

அண்ணன் தம்பி இருவருக்கும் அன்றைக்குப் பிடித்த எரிச்சல் இன்றுவரை அணையவில்லை. அந்த நடுவருக்கு வண்டி ஓட்ட வேண்டிய நாள்களில் எல்லாம் அலாரத்துக்கு வயிற்றுப்போக்கு வந்துவிடும். மேனேஜரும் வேறு ஆளை அனுப்பிவிடுவார். பழிவாங்க வேண்டும் என்று ஆசை இருந்ததே தவிர, எப்படி என்று ஒரு வழியும் அவருக்குப் புலப்படவில்லை.

வழி தானாகவே வந்தது. அந்த நடுவர் ஓய்வு பெறுகிறார், இந்த இறுதியாட்டம்தான் அவருக்குக் கடைசி என்று அறிவித்தார்கள். ஆட்டம் தொடங்குவதற்கு முன் மைதானத்தின் நடுவில் அவருக்கு ஒரு கேடயம் கொடுப்பார்களாம். பேரப் பிள்ளைகள் அவர் கையைப் பிடித்துக்கொண்டு நடந்து வருவார்களாம். துணை நடுவர்கள் ஹோட்டலில் இருந்து வேனில் வருகிறார்கள். இவர் உள்ளூர்க்காரர் ஆகிவிட்டதால் வீட்டுக்கே தனிக் கார் அனுப்ப வேண்டும். அலாரம் மேனேஜரிடம் போய், "அவருக்கு நானே ஓட்டறேன் சார்" என்றார்.

"வயிறு எப்படி இருக்கு?" என்றார் மேனேஜர்.

"நல்லா இருக்கு சார். இப்பதான் ரொம்ப நல்லா இருக்கு."

திட்டம் எளிமையானது. ஆட்டத்துக்கு ஒரு மணி நேரத்துக்கு முன் நடுவர் ஸ்டேடியத்துக்குள் இருந்தாக வேண்டும். வரவில்லை என்றால் மாற்று நடுவர் விசிலை எடுத்துக்கொள்வார். யாராக இருந்தாலும் இதுதான் சட்டம், மேல்முறையீடு கிடையாது. கேடயம் உண்டு, பேரப் பிள்ளைகள் உண்டு, கூட்டம் உண்டு, ஆனால் மைதானத்தில் வேறொருவன் ஊதிக்கொண்டிருப்பான். என் தம்பிக்குக் கடைசி ஆட்டம் என்று ஒன்று சொல்லிக்கொண்டா வந்தது? உனக்கு மட்டும் எதற்கு? அலாரம் இதை நினைத்து நினைத்துத் தனியாகச் சிரித்தார்.

முதல் நாள் வழக்கம்போல் நடந்தார். ஆனால் இந்த முறை தலைகீழ் வேலை. எந்தத் தெருவுக்குள் நுழைந்தால் வெளியே வர முடியாது என்று தேடினார். கடைத்தெரு கிடைத்தது. உள்ளூர் ரசிகர்கள் அங்கேதான் மேளத்தோடு கூடி ஸ்டேடியத்துக்கு ஊர்வலமாகப் போவார்கள். அவர்கள் கூடியதும் போலீஸ் இரண்டு முனைகளிலும் கயிறு கட்டிவிடும். கயிறு கட்டுவதற்குச் சற்று முன்பு உள்ளே நுழைந்த கார், ஊர்வலம் கிளம்பும்வரை அங்கேயே கிடக்க வேண்டியதுதான். அலாரம் அந்தத் தெருவை மணப்பெண்ணைப் பார்ப்பது போல இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை பார்த்துவிட்டு வந்தார்.

ஆட்ட நாள் காலையில் காரைத் துடைத்துக்கொண்டே ஏதோ பாட்டை முணுமுணுத்தார். அவருடைய மனைவி கதவருகில் வந்து நின்றாள்.

"யாருக்குக் குழி வெட்டப் போறீங்க?"

"ஏன்?"

"பாட்டு வருதே. உங்களுக்குப் பாட்டு வந்தா யாருக்கோ ஆப்பு ரெடின்னு அர்த்தம்."

அவளிடம் எதையும் மறைத்துப் பழக்கமில்லை. சொன்னார். அவள் சிரிக்கவில்லை.

"அவருக்கு ஒரு மேட்ச் போகும். உங்களுக்கு இத்தனை வருஷப் பேரு போகும். அலாரம் அடிக்கலைன்னு நாளைக்கு ஆபீசே கைகொட்டிச் சிரிக்கும்."

"சிரிக்கட்டும். இந்தப் பேரை வெச்சுக்கிட்டு நான் என்ன பண்றது?"

"உங்க தம்பிகிட்ட சொன்னீங்களா?"

"முடிச்சிட்டுச் சொல்றேன். அவனுக்கு வயிறு குளிரும்."

"என்னமோ போங்க. முடிவு பண்ணிட்டு வந்து கேட்டா நான் என்ன சொல்றது" என்று அவள் உள்ளே போய்விட்டாள்.

நடுவரின் வீட்டுக்கு நேரத்துக்கு முன்பே போய் நின்றார். அதில் குறை வைக்க மனம் வரவில்லை. நடுவர் கைப்பையும் தொப்பியுமாக வெளியே வந்தார். தலை நரைத்திருந்தது, மற்றபடி அதே ஆள். மனைவியும் மகளும் பேரப் பிள்ளைகளும் பின்னால் வேறு வண்டியில் வருவார்களாம். காரில் ஏறியவர் கண்ணாடியில் அலாரத்தின் முகத்தைப் பார்த்தார்.

"உங்க வண்டியில நான் வந்திருக்கேனா?"

"ஞாபகம் இல்ல சார்."

"நேரத்துக்குப் போயிடலாமில்ல?"

"என்னை எதுக்கு அலாரம்னு கூப்பிடறாங்க சார்?" என்றார் அலாரம். வாய் கூசவில்லை.

கடைத்தெருவுக்குள் கச்சிதமாக நுழைந்தார்கள். முன்னால் மேளம், பின்னால் மேளம். கண்ணாடியில் பார்த்தபோது போலீஸ்காரர் கயிற்றைக் கட்டிக்கொண்டிருந்தார். காரைச் சுற்றி முகத்தில் சாயம் பூசிய இளைஞர்கள் குதித்தார்கள். ஒருவன் பானெட்டில் தாளம் போட்டான். நடுவர் முதலில் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். பிறகு அதைப் பார்ப்பதை விட்டுவிட்டு, கதவின் பூட்டை அழுத்திப் பார்த்தார். அந்தப் பக்கக் கதவையும் எட்டி அழுத்தினார். தொப்பியைக் கண்வரை இறக்கிக்கொண்டார்.

"வேற வழி இல்லையா டிரைவர்?"

"இல்ல சார். இன்னைக்குன்னு பார்த்து மாட்டிக்கிட்டோம்."

அலாரத்துக்கு உச்சி குளிர்ந்தது. நடுவரின் உதட்டில் ஈரம் வற்றிப் போயிருந்ததைக் கண்ணாடியில் ரசித்துப் பார்த்தார். இன்னும் கொஞ்ச நேரம். மாற்று நடுவன் இந்நேரம் ஷூ நாடாவைக் கட்டிக்கொண்டிருப்பான். பழிவாங்குவது இவ்வளவு சொகுசான வேலையா, ஏசி போட்டுக்கொண்டு உட்கார்ந்தே செய்யலாமா என்று அவருக்கே ஆச்சரியமாக இருந்தது. ஏசியை இன்னும் கொஞ்சம் கூட்டினார்.

அப்போது காதில் மாட்டியிருந்த இயர்போனில் தம்பி கூப்பிட்டான்.

"அண்ணே, எங்க இருக்கே?"

"வண்டி ஓட்டறேன்டா. என்ன?"

"அவனுக்கு இன்னைக்கு நீதான் ஓட்டறியாமே. ஆபீஸ் பையன் கடைக்கு வந்தான், சொன்னான். எங்கிட்ட ஏன் சொல்லல? சரி விடு. நடுவருங்க இறங்கற கிழக்கு வாசல்ல நிக்கிறேன். அவன் இறங்கறப்ப ஒரே ஒரு கேள்வி கேட்டுட்டுப் போயிடறேன். பார்த்தியா, பார்க்கலையா? அவ்வளவுதான். நாக்கைப் பிடுங்கிக்கிற மாதிரி கேக்கணும். காலையில இருந்து சொல்லிச் சொல்லிப் பார்த்துட்டு இருக்கேன்."

அலாரம் கண்ணாடியில் நடுவரைப் பார்த்தார்.

"அண்ணே? நேரத்துக்குக் கொண்டு வந்துடுவேல்ல? லேட்டானா போலீஸ் அவனை வேற பக்கமா இழுத்துட்டுப் போயிடும். நான் வெறும் கையோட நிக்கணும்."

அவன் குரலில் இப்படி ஒரு துடிப்பை அலாரம் கேட்டு வெகுகாலம் ஆகியிருந்தது. தன்னுடைய பழி எவ்வளவு சில்லறைப் பழி என்று அவருக்கு உடனே புரிந்தது. நடுவரை ஆட்டத்திலிருந்து கழற்றிவிடுவது என்ன பெரிய காரியம்? கால் போனவன் நேருக்கு நேர் நின்று கேட்பதல்லவா பழி! பேரப் பிள்ளைகள் முன்னால், வாசலில் வைத்துக் கேட்டால் அந்த முகம் எப்படிப் போகும்!

"இருடா. கொண்டு வர்றேன்" என்றார்.

சொல்லிவிட்டார். எப்படிக் கொண்டு போவது? தான் தோண்டிய குழியில் தானே காரோடு இறங்கி உட்கார்ந்திருந்தார். முன்னாலும் கயிறு, பின்னாலும் கயிறு. நல்ல வேளையாக, எதற்கும் அடங்காத தொழில் புத்தி ஒன்று அவருக்குள் இருந்தது. கடைத்தெருவின் நடுவில் இருந்த பெட்ரோல் பங்குக்குப் பின்பக்கத் தெருவிலும் ஒரு வாசல் உண்டு. அதுவரை போய்விட்டால் போதும். நடுவில் இருப்பது மேளக்காரர்கள் மட்டும்.

"சார், பின் சீட்டுல படுத்துக்குங்க."

"என்னது?"

"படுத்துக்குங்க சார். நேரத்துக்குப் போகணுமா வேண்டாமா?"

நடுவர் படுத்தார். அலாரம் கண்ணாடியை இறக்கித் தலையை வெளியே நீட்டிக் கத்தினார்.

"தம்பிகளா, கொஞ்சம் வழி விடுங்கப்பா! உள்ள பேஷண்ட்! உயிர் போற நிலைமை!"

பிறகு குரலைத் தாழ்த்தி, "முனகுங்க சார்" என்றார்.

நடுவர் முனகினார்.

"இன்னும் கொஞ்சம் சத்தமா சார்."

பெரிய பெரிய ஆட்டங்களில் ஒரே ஒரு விசிலில் இருபத்திரண்டு பேரை நிறுத்திய மனிதர், பின் சீட்டில் முழங்காலை மடக்கிப் படுத்துக்கொண்டு ஐயோ அம்மா என்று கத்தினார். சாயம் பூசிய பையன்கள் நல்ல பையன்கள். மேளத்தை நிறுத்தினார்கள். ஒருவன் முன்னால் ஓடிக் கூட்டத்தை விலக்கினான். இன்னொருவன் ஜன்னலில் கையை வைத்து, "ஒண்ணும் ஆகாது பெரியவரே, தைரியமா இருங்க" என்றான். அலாரம் சிரிப்பை அடக்க உதட்டைக் கடித்துக்கொண்டார். பங்குக்குள் நுழைந்து, பின்வாசல் வழியாக வெளியே வந்து, காலித் தெருவில் காரை விட்டார்.

நடுவர் எழுந்து உட்கார்ந்தார். தலைமுடி கலைந்திருந்தது, சட்டை நனைந்திருந்தது. முதலில் பெருமூச்சு விட்டார், பிறகு சிரிக்க ஆரம்பித்தார். தப்பித்து வந்தவனுக்கு வாய் தானாகத் திறந்துகொள்ளும். அவருக்கும் திறந்துகொண்டது.

"எனக்குக் கூட்டம்னா பயம் டிரைவர். யார்கிட்டயும் சொன்னதில்ல. இன்னைக்கோட முடியுது, உங்ககிட்ட சொன்னா என்ன?"

"சொல்லுங்க சார்."

"உள்ள இருக்கறவரைக்கும் பயம் இல்ல. கோடு இருக்கு, போலீஸ் இருக்கு. ஆட்டம் முடிஞ்சு வண்டிக்கு நடக்கறது இருக்கு பாருங்க, அதுதான். அதனால எப்பவும் இறங்கறப்பவே பார்த்து வெச்சுக்குவேன், வண்டி எங்க நிக்குதுன்னு. இதே ஸ்டேடியத்துல ஒரு தடவை அரையிறுதி. பாக்ஸுக்குள்ள ஒரு பையனை வெட்டிச் சாய்ச்சாங்க. இந்தக் கண்ணால பார்த்தேன். விசில் வாயில இருக்கு. ஊதணும்."

அலாரத்தின் கை ஸ்டியரிங்கை இறுக்கியது. பார்த்திருக்கிறான்! தம்பி கேட்கப்போகும் கேள்விக்குப் பதில் இதோ வந்துவிட்டது. இதைத் தம்பியின் முகத்துக்கு நேராகச் சொல்லட்டும் என்று காலை ஆக்சிலரேட்டரில் அழுத்தினார்.

"ஊதல" என்றார் நடுவர். "எப்பவும் வண்டி ஆபீஸ் பக்கம் நிக்கும். கூட்டமே இருக்காது. அன்னைக்குன்னு பார்த்து எவனோ ஒரு டிரைவர் வண்டியைக் கொண்டுபோய் வடக்கு ஸ்டாண்டுக்குப் பின்னாடி போட்டுட்டான். உள்ளூர்க்காரங்க முழுக்க அங்கதான் உக்காந்து மேட்ச் பார்ப்பாங்க. பெனால்டி குடுத்தா அவங்க தோத்திருப்பாங்க. தோத்த கூட்டத்துக்கு நடுவுல நான் நடந்து போகணும். அந்த ஒரு நொடியில எனக்கு அந்த வண்டிதான் கண்ணுல தெரிஞ்சது, பையன் தெரியல. தப்பு என்னோடதுதான். ஆனா வண்டி மட்டும் வழக்கமான எடத்துல நின்னிருந்தா நான் ஊதியிருப்பேன். எத்தனையோ நாள் நெனச்சிருக்கேன்."

அலாரத்துக்கு முதலில் வந்தது கோபம்தான். கோழை! செய்ததையும் செய்துவிட்டு டிரைவர் தலையில் கட்டுகிறான் பார். வண்டி எங்கே நின்றால் என்ன, வாயில் விசில் இருந்ததல்லவா? இப்படிப் பொரிந்துகொண்டே ஒரு திருப்பத்தில் காரைத் திருப்பியபோது, ஒரு வேலி அவர் நினைவுக்கு வந்தது. கம்பி வேலி.

ஆபீஸ் பக்கம் சுவர்தான் இருக்கும். அங்கே வண்டியைப் போட்டால் ஆட்டத்தைப் பார்க்க முடியாது. வடக்கு ஸ்டாண்டுக்குப் பின்னால் ஒரு ஓரத்தில் கம்பி வேலி. அதன் வழியாக வடக்குக் கோல் முழுதாகத் தெரியும். இரண்டாம் பாதியில் தம்பி அந்தக் கோலை நோக்கித்தான் ஆடுவான். வேலைக்குப் புதிது, யாரும் கேட்க மாட்டார்கள் என்ற தைரியம். அன்று காலை முழுக்க அவர் போட்ட திட்டமே அதுதான். அவர் வாழ்க்கையில் முதன்முதலாகப் போட்ட திட்டம். நன்றாக அமைந்துவிட்டது என்று அன்றைக்கு மகிழ்ந்துபோயிருந்தார். வேலியைப் பிடித்துக்கொண்டு தம்பி விழுந்ததைப் பார்த்ததும் அங்கிருந்துதான்.

இத்தனை வருஷம் ஒருவனைக் கறுவிக்கொண்டு திரிந்தோமே, அவன் பக்கத்தில் நாமும் அல்லவா நின்றிருக்கிறோம் என்று நினைத்தார். அந்த நினைப்பை அவரால் தாங்க முடியவில்லை. அதைவிடத் தாங்க முடியாதது ஒன்று முன்னால் இருந்தது. கிழக்கு வாசலில் தம்பி நிற்கிறான். பார்த்தியா என்று கேட்பான். இந்த மனிதர் இருக்கிற மனநிலையில் எல்லாவற்றையும் சொல்லிவிடுவார், வண்டியையும் சேர்த்து. அந்த வண்டியை ஓட்டியது யார் என்று தம்பிக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

கிழக்கு வாசலுக்குத் திரும்ப வேண்டிய முனை வந்தது. அலாரம் திரும்பவில்லை. நேராகப் போய், பத்திரிகைக்காரர்கள் நுழையும் மேற்கு வாசலில் காரை நிறுத்தினார். நடுவர் கடிகாரத்தைப் பார்த்துவிட்டு, இன்னும் நேரம் இருக்கிறது என்று அவர் தோளைத் தட்டினார்.

"அலாரம்னு சும்மாவா சொல்றாங்க! முடிஞ்சதும் வந்துடுங்க" என்று சொல்லி உள்ளே ஓடினார்.

அலாரம் தம்பியைக் கூப்பிட்டார்.

"மேற்கு வாசல்ல இறக்கச் சொல்லிட்டாங்கடா. நான் என்ன பண்ண?"

அந்தப் பக்கம் ஊர்வலத்தின் மேளம் கேட்டது. அதற்கு மேல் தம்பி குரலை உயர்த்தினான்.

"பரவாயில்லண்ணே. உள்ள போனவன் வெளியே வந்துதானே ஆகணும். நான் நிக்கிறேன். இத்தனை வருஷம் நின்னாச்சு, ஒரு மேட்ச் நிக்க மாட்டேனா?"

அலாரம் காரிலேயே ஒரு மணி நேரத்துக்கு மேல் உட்கார்ந்திருந்தார். உள்ளே கைதட்டல் எழுந்தது, கேடயம் கொடுக்கிறார்கள் போலிருக்கிறது. ஆட்டம் தொடங்கும் விசில் கேட்டது. இந்த ஆட்டம் முடியாமலே இருந்துவிட்டால் தேவலை என்று ஒரு கால்பந்து ரசிகன் நினைக்கக் கூடாததை நினைத்தார். திரும்பும்போதும் வேறு வாசலில் ஏற்றலாம். நாளைக்கு? தம்பிக்கு நடுவரின் வீடு தெரியாதா என்ன? ஓய்வு பெற்ற மனிதர் எங்கும் போகாமல் வீட்டில்தான் இருப்பார். எந்தத் தெரு வழியாகப் போனாலும் இது வந்து சேர்ந்துவிடும் இடம் ஒன்றுதான் என்று அவருக்குத் தெரிந்துவிட்டது. வழி பார்க்கத் தெரிந்த மனிதரல்லவா.

இறங்கி நடந்தார். ஸ்டேடியத்தைச் சுற்றிக் கிழக்கு வாசலுக்கு வந்தபோது தம்பி தடுப்புக் கம்பியில் சாய்ந்து, கெட்ட காலுக்கு ஓய்வு கொடுத்தபடி நின்றுகொண்டிருந்தான். சலவை மடிப்புக் கலையாத சட்டை போட்டிருந்தான். அண்ணனைப் பார்த்ததும் முகம் மலர்ந்தது.

"வந்துட்டியா? எப்படி இருந்தான்? கொழுத்துட்டானா?"

"அவன் பார்த்தான்டா" என்றார் அலாரம்.

"என்ன?"

"அன்னைக்குப் பார்த்தான். விசில் வாயில இருந்துச்சு. வண்டியிலேயே சொல்லிட்டான்."

தம்பி கம்பியை விட்டு நிமிர்ந்தான். அவன் கண்ணில் முதலில் தெரிந்தது வெற்றி. "பார்த்தியா! நான் சொல்லல? விலைபோனவன்! எவ்வளவுக்காம்?"

"விலைபோகல. பயந்துட்டான். வண்டி வடக்கு ஸ்டாண்டுக்குப் பின்னாடி நின்னுச்சு. பெனால்டி குடுத்தா அந்தக் கூட்டத்துக்குள்ள நடக்கணும்னு ஊதல. வண்டி ஆபீஸ் பக்கம் நின்னிருந்தா ஊதியிருப்பேன்னு சொல்றான்."

தம்பி ஏதோ கேட்க வாயெடுத்தான். கேட்கவில்லை. அண்ணனின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். உள்ளே கூட்டம் ஓவென்று எழுந்து அடங்கியது.

"அங்க எதுக்குண்ணே நிறுத்தினே?"

"வேலி வழியா நீ ஆடறது தெரியும்டா. உன்னைப் பாக்கத்தான்."

தம்பி அடிப்பான் என்று அலாரம் எதிர்பார்த்தார், அடித்தால் வாங்கிக்கொள்ளத் தயாராகவும் இருந்தார். அழுவான் என்றும் நினைத்தார். இரண்டும் நடக்கவில்லை. தம்பி குனிந்து முழங்காலைத் தேய்த்துவிட்டுக்கொண்டான், குளிர் நாள்களில் செய்வது போல. நிமிர்ந்தபோது அவன் முகத்தில், இத்தனை வருஷமாக நடுவருக்கென்றே வைத்திருந்த அந்தப் பார்வை இருந்தது. அலாரம் அதை அருகில் நின்று பார்த்தது அதுவே முதல் முறை.

"முடிஞ்சதும் அவனை எங்க கொண்டுபோய் விடணும்?"

"வீட்டுல."

"நானும் வர்றேன். முன்னாடி உக்காந்துக்கறேன்."

"எதுக்குடா?"

"ஒரு கேள்விதான் வெச்சிருந்தேன். இப்ப நெறைய இருக்கு. ஒருத்தன்கிட்ட கேக்கறது இன்னொருத்தன் காதுலயும் விழணும். நீங்க ரெண்டு பேரும் ஒரே வண்டியில மாட்டறது இனிமே எங்க நடக்கப்போகுது?"

"கேளுடா. என்ன வேணாலும் கேளு."

"கேப்பேன். வீட்டுக்குச் சீக்கிரம் போற வழி உனக்குத் தெரியும். அதுல போகாதே. எந்த வழி ரொம்ப நேரம் ஆகுமோ, அந்த வழியாப் போ."

அலாரம் தலையை ஆட்டினார். கால்சட்டைப் பையிலிருந்து சாவியை எடுத்துக்கொண்டு, காரைக் கிழக்கு வாசலுக்குக் கொண்டுவருவதற்காக நடந்தார்.